முப்பத்தேழாம் பக்கத்துப் பானை

மிக்கேல் தூதர் திருநாளன்று எங்கள் வீட்டு மேசையைச் சுற்றி இருந்தவர்களின் பெயர்களை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். தாங்களும் அன்று அங்கே இருந்ததாகச் சொல்பவர்கள் இப்போது ஒரு கல்யாண மண்டபத்தை நிரப்பும் அளவுக்குப் பெருகிவிட்டார்கள். உண்மையில் இருந்தவர்கள் எட்டுப் பேர். வீட்டுத் தலைவன் என்ற முறையில் நான், திஹோமிர் லாசெண்டிச். என் மனைவி விதோசவா. என் தம்பி மிலூதின். ரொட்டியை ஆசீர்வதிக்க வந்த கெராசிம் பாதிரியார். கீழ் லிபாவிலிருந்து வந்த ஓப்ராத். அடுத்த வீட்டு பொகோசாவ், அவன் மனைவி சாகோர்கா. எட்டாவதாக, தலைநகரில் அமைச்சகத்தின் வெளியீட்டுத் துறையில் உதவிப் பதிப்பாசிரியராக இருக்கும் நெவென்கா. வேறு யாரும் இல்லை.

மிக்கேல் எங்கள் குலத்தின் காவலர். அவர் திருநாளுக்கு நாங்கள் யாரையும் அழைப்பதில்லை; கதவு திறந்திருக்கும், வந்தவர் விருந்தாளி. வந்தவர் என்ன சொன்னாலும் அவர் மனம் கோணும்படி ஒரு சொல் சொல்லக்கூடாது. கடைசி விருந்தாளி எழுந்து போகும்வரை வீட்டுத் தலைவன் உட்காரவும் கூடாது. முந்தைய அக்டோபரில் நெவென்காவிடம் திருநாள் தேதியை நான் இரண்டு முறை சொன்னது உண்மை. அது அழைப்பு அல்ல, தகவல்.

அவள் முந்தைய அக்டோபரில் ஏன் வந்தாள் என்பதையும் சொல்ல வேண்டும். எங்கள் ஊரான மேல் லிபாவின் அறுபது வீடுகளும் தங்கள் பிளம் பழ ஊறலை எங்கள் கொட்டகைக்குத்தான் கொண்டுவந்து ரக்கியா என்ற சாராயம் காய்ச்சும். என் அப்பா காலத்திலிருந்தே அப்படி. எங்கள் செப்புப் பானைதான் இந்த ஊரில் எங்கள் குடும்பத்தின் பெயர். வேறு சொத்து என்று சொல்லிக்கொள்ளும்படி எதுவும் இல்லை, அந்தப் பெயர் இருக்கும்வரை தேவையும் இல்லை.

அமைச்சகம் பொதுமக்களுக்காகக் கையேடுகள் வெளியிடுகிறது. பனி வாருவது எப்படி என்று ஒன்று வந்தது. முந்நூறு வருடமாகப் பனி வாரிக்கொண்டிருக்கும் எங்களுக்கு மண்வெட்டியை எந்தப் பக்கம் பிடிப்பது என்று படம் போட்டுக் காட்டியிருந்தார்கள். மின்தூக்கியில் நடந்துகொள்ளும் முறை பற்றி இன்னொன்று, இருநூறு பிரதிகள். எங்கள் ஊரில் இருப்பதிலேயே உயரமானது மணிக்கூண்டு, அதில் ஏற ஓர் ஏணி இருக்கிறது. தாள் நல்ல தாள். அடுப்புப் பற்றவைக்க அதைவிட உகந்த இலக்கியம் மேல் லிபாவுக்கு வந்ததில்லை.

அப்படிப்பட்ட அமைச்சகம் ‘வீட்டில் ரக்கியா காய்ச்சுதல்: பொதுமக்களுக்கான வழிகாட்டி’ என்று ஒன்று போடப்போகிறது, அதற்குப் படம் எடுக்க ஆள் வருகிறது என்று தெரிந்தபோது, ஒருவழியாக அவர்களுக்கும் விஷயம் தெரிந்தவர்களைத் தேடி வரும் புத்தி வந்துவிட்டது என்று நினைத்தேன். மிலூதின் கோட்டும் டையும் அணிந்து பானைமேல் கைவைத்து நின்றான். நெவென்கா கேமராவோடு பானையைச் சுற்றிச் சுற்றி வந்தாள். குழாய் பானையோடு சேரும் இடத்தில் என் அப்பா காரீயத்தால் பற்றவைத்திருந்ததைப் பார்த்ததும் மண்டியிட்டே உட்கார்ந்துவிட்டாள்.

"இது எத்தன வருஷமா இப்படி இருக்கு ஐயா?"

"எண்பத்திமூணுலேந்து" என்றேன்.

"அற்புதம்! இதவிட நல்லா எங்கேயும் கெடைக்காது. அந்த சைக்கிள் ட்யூப் சுத்தியிருக்கிற எடத்த மட்டும் கொஞ்சம் வெளிச்சத்துக்குத் திருப்பறீங்களா?"

திருப்பினோம். போகும்போது ஒரு தாளை நீட்டினாள். கையெழுத்துப் போட்டேன். படிக்கவில்லை. விருந்தாளி நீட்டிய தாளை அவர் எதிரிலேயே படித்துப் பார்ப்பது, அவர் சட்டைப்பையில் கைவிட்டுப் பார்ப்பதற்குச் சமம். லாசெண்டிச் வீட்டில் அது நடக்காது.

அவள் அன்றே கீழ் லிபாவுக்கும் போய் ஓப்ராதின் அண்டாவையும் படமெடுத்தாள் என்று கேள்விப்பட்டுச் சிரித்தோம். ஓப்ராத் எனக்குக் கூம். எங்கள் ஊரில் கல்யாணத்துக்குச் சாட்சி நிற்பவனையும் பிள்ளைக்கு ஞானத்தகப்பனாக நிற்பவனையும் அப்படித்தான் அழைப்போம். இரத்த உறவுக்கு ஒரு படி மேல். என் கல்யாணத்துக்கு அவன் நின்றான், அவன் மகளுக்கு நான் நின்றேன். ஆனால் அவன் அண்டா எவர்சில்வரில் செய்தது, அழுத்தமானியும் இன்னும் என்னவெல்லாமோ வைத்தது. பால்பண்ணையிலிருந்து தப்பி வந்த சாமான் மாதிரி இருக்கும். அவன் வீட்டுக்கு மட்டும்தான் அதில் காய்ச்சுவான்.

ஒரு வருடம் கழித்து, திருநாளுக்கு முந்தின நாள், தபாலில் நாற்பது பிரதிகள் வந்தன. ஒவ்வொன்றும் தனித்தனி உறையில், ஒட்டி முத்திரையிட்டு. அரசாங்கம் அட்டைக்கும் ஓர் அட்டை போடும்.

"ஒண்ணப் பிரிச்சுப் பாத்துடலாமேங்க" என்றாள் விதோசவா.

"திருநாள் ரொட்டி வெட்டினதுக்கு அப்பறந்தான்" என்றேன். "வந்த பரிச ஆறப்பொறுக்காம பிரிக்கிறதுக்கு நாம என்ன சந்தக்கடையா வெச்சிருக்கோம்?"

மறுநாள் காலை பூசை முடிந்ததும் கோயில் வாசலில் நின்று மிலூதின் முப்பத்திரண்டு உறைகளை முப்பத்திரண்டு வீடுகளுக்கு விநியோகித்தான். "எங்க வீட்டுப் படம் போட்டிருக்கு, பத்தரமா வெச்சுக்கோங்க" என்று ஒவ்வொருவரிடமும் சொன்னான். பக்கத்தில் நான் நின்றேன். பலர் தொப்பியைக் கழற்றினார்கள்.

மீதி எட்டு எங்கள் மேசையில். நெவென்கா பதினொரு மணிக்குக் காரில் வந்து சேர்ந்தாள். பாதிரியார் ரொட்டியில் சிலுவைக் கீறலிட்டு ஒயின் ஊற்றினார். எல்லோரும் அதைப் பிடித்துச் சுற்றி, பிட்டு, முத்தமிட்டோம். விதோசவா இனிப்புக் கோதுமையை ஆளுக்கொரு கரண்டி கொடுத்தாள். அந்த அக்டோபரில் காய்ச்சிய ரக்கியாவை நான் எல்லோருக்கும் ஊற்றினேன். பிறகுதான் உறைகளைக் கிழித்தார்கள்.

முதலில் கண்டவர் பாதிரியார். முப்பத்தேழாம் பக்கத்தில் நின்றார், இருமினார், புத்தகத்தை மூடி அதன்மேல் ரொட்டித் தட்டை வைத்தார்.

"படம் தெளிவா விழுந்திருக்கு" என்றார்.

அது போதாதா? பொகோசாவுக்குப் போதாது. அவனுக்கு எதையும் உரக்கப் படித்தால்தான் புரியும்.

"‘படம் பன்னிரண்டு. தவிர்க்க வேண்டிய அமைப்பு.’ அண்ணே, இது நம்ம பானை இல்ல? இந்தா, மிலூதின் நிக்கிறான். மாப்ள கணக்கா நிக்கிறான்!"

"படிச்சது போதும், சும்மா இரு" என்றாள் சாகோர்கா, தன் பிரதியைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோனபடி.

"இருடி, கீழ நம்பர் போட்டிருக்கான். ‘ஒன்று: குழாய் இணைப்பில் காரீயப் பற்று. இரண்டு: மூட்டில் சைக்கிள் ட்யூப். மூன்று: குளிர்விக்கும் நீருக்குப் பூச்சிமருந்துப் பீப்பாய். நான்கு: தீயருகில் இயக்குபவர் டை அணிந்திருத்தல்.’"

"டையா?" மிலூதின் எழுந்துவிட்டான். "அது பெல்கிரேட்ல வாங்கின டை!"

"அதனாலதான் நாலாவதா போட்டிருக்கான். லோக்கல் டையா இருந்தா மொதல்ல வந்திருக்கும்" என்றான் பொகோசாவ்.

நான் கையில் தட்டோடு நின்றிருந்தேன். "என்னங்க, தட்டு சாயுது" என்று விதோசவா மெதுவாகச் சொன்னாள். நிமிர்த்திக்கொண்டேன். அந்த நேரம் பார்த்து நெவென்கா குவளையை உயர்த்திக்கொண்டு எழுந்தாள். முகம் முழுக்க நன்றி.

"ஐயா, எல்லார் முன்னாடியும் இத நான் சொல்லியே ஆகணும். இந்த ஒரு படத்துக்காக பதினேழு வீடு ஏறி எறங்கினேன். ‘தப்பான அமைப்புக்கு எடுத்துக்காட்டு’ன்னு தாள்ல பாத்ததுமே கதவச் சாத்தினாங்க. ஒருத்தர் நாய அவுத்து விட்டாரு. நீங்க ஒருத்தர்தான் படிச்சுட்டு, ஒரு கேள்வி கேக்காம கையெழுத்துப் போட்டீங்க. மக்கள் நல்லாருக்கணும்னு சொந்தக் கௌரவத்த விட்டுக்குடுக்கற மனசு யாருக்கு வரும்?"

அந்தப் பேச்சில் ‘படிச்சுட்டு’ என்ற ஒரு சொல் மட்டும்தான் பிசகு. மேசையில் யாரும் மெல்லவில்லை. அவள் ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். குவளை தானாகக் கீழே இறங்கியது.

"ஐயா... நீங்க அந்தத் தாளப் படிக்கலயா?"

"எங்க வீட்ல விருந்தாளி குடுக்கறத யாரும் சோதிச்சுப் பாக்கறதில்ல" என்றேன்.

"ஐயோ" என்று உட்கார்ந்தாள்.

கோபப்பட்டு ஒரு வார்த்தை சொல்ல எனக்கு அன்று உரிமை இல்லை. மிக்கேலின் மேசையில் உட்கார்ந்திருக்கும் பெண். அதனால் அவள் தட்டில் இன்னொரு துண்டு பன்றி வறுவலை வைத்தேன். அவள் அதைச் சாப்பிட்டாள், பாவம், அழுதுகொண்டே.

முப்பத்திரண்டு வீடுகளில் இந்நேரம் முப்பத்திரண்டு பேர் இதே பக்கத்தை விரித்து வைத்திருப்பார்கள் என்று எனக்குத் தெரியும். கொடுத்தது நாங்களே. அறுபது வீட்டு ஊறல் அடுத்த அக்டோபரில் எங்கள் கொட்டகைக்கு வருமா என்பதுதான் இப்போது கேள்வி. வராவிட்டால் லாசெண்டிச் என்பது கதவில் எழுதிய ஒரு சொல், அவ்வளவுதான்.

மிலூதினுக்குத்தான் யோசனை வந்தது. "இதுல தப்பு வந்தா திருத்தம் போடுவீங்க இல்ல?"

"போடுவோம்" என்றாள் நெவென்கா, மூக்கைத் துடைத்தபடி. "ரெண்டாம் பதிப்பு அடுத்த வாரம் அச்சுக்குப் போகுது. நாடு முழுக்க எல்லா ஊராட்சிக்கும். இப்ப வந்ததுக்கு முன்னட்டைக்கு உள்பக்கம் சீட்டு ஒட்டுவோம். எங்ககிட்ட தயாராவே ஒரு சீட்டு இருக்கு: ‘அச்சகத்தின் கவனக்குறைவால் படங்கள் இடம் மாறியுள்ளன’. உரிமையாளர் எழுதிக் குடுத்தா யாரும் தோண்டித் துருவ மாட்டாங்க."

அந்தத் துறை இன்றுவரை தவறே செய்ததில்லை. செய்வதெல்லாம் அச்சகம்.

"அப்பறம் என்ன! மாறிப்போச்சுன்னு எழுதிடு அண்ணே" என்றான் மிலூதின்.

"எதோட மாறிச்சு?" என்று கேட்டேன்.

எதிர்ப் பக்கத்தைப் பார்த்தாலே தெரிந்துவிடும். முப்பத்தாறாம் பக்கம், படம் பதினொன்று, ‘பரிந்துரைக்கப்படும் அமைப்பு’. பால்பண்ணைச் சாமான்.

இதுவரை வாய் திறக்காத ஓப்ராத் ரொட்டித் துண்டைக் கீழே வைத்தான்.

"எழுதிக்கோ கூமே. மாறிடுச்சுன்னு எழுது. நான் எனக்கு மட்டும் காய்ச்சறவன், எனக்கு என்ன வந்துச்சு? உன்கிட்ட அறுபது வீடு வருது."

"ஊரே உன்னப் பாத்துச் சிரிக்கும்."

"சிரிக்கட்டும். இப்பவே என் அண்டாவப் பாத்து சிரிக்கிறீங்கதானே. பழகிப்போச்சு."

அவன் அதைக் குத்திக் காட்டவில்லை. கையெழுத்துப் போட்டு முடித்துவிட்டுச் சாப்பிடலாம் என்கிற மாதிரி சாதாரணமாகத்தான் சொன்னான். எனக்குத்தான் காது சுட்டது. நெவென்கா பையிலிருந்து ஒரு வெள்ளைத் தாளும் பேனாவும் எடுத்து வைத்தாள். மிலூதின் பேனாவின் மூடியைக் கழற்றி என் பக்கம் தள்ளினான்.

என் கூம் மனமுவந்து தலையை நீட்டுகிறான் என்பதற்காக என் செருப்பை அதன்மேல் வைக்க முடியாது. வேறு ஏதாவது வழி இருக்குமா என்று பார்க்க, பாதிரியாரின் பிரதியை ரொட்டித் தட்டுக்குக் கீழிருந்து இழுத்தேன். அந்தக் கையேட்டை நான் படித்தது அப்போதுதான், நின்றபடி. மூடிக்கும் பானைக்கும் நடுவே மாவு பூசி அடைப்பது ஏற்கத்தக்க முறை என்று ஓரிடத்தில் இருந்தது. அரசாங்கம் அனுமதித்ததற்கு எங்கள் முன்னோர் நன்றியுடையவர்களாக இருப்பார்கள். பீப்பாயைப் பற்றி எழுதியது வெறும் பயம்காட்டல், அதில் இருப்பது குழாய்க்கு வெளியே நிற்கும் தண்ணீர். டையைப் பற்றி எழுதியவன் வாழ்க்கையில் டை கட்டியிருக்க மாட்டான். முப்பத்தெட்டாம் பக்கம் காரீயத்தைப் பற்றியது. ஆவி படப்பட அது கரைந்து ரக்கியாவில் இறங்கும் என்று இருந்தது. உடம்புக்குள் போனால் எளிதில் வெளியேறாது, வருடக்கணக்கில் சேரும். முதலில் தெரிவது வயிற்றுப் பிடிப்பு.

அதை நான் வாய்விட்டுப் படித்துவிட்டேன் போலிருக்கிறது.

"வயித்துப் பிடிப்பா?" என்றான் பொகோசாவ். குரலில் சிரிப்பு இல்லை. "எனக்கு வருஷா வருஷம் பனி விழுந்தா வருமே, அந்த மாதிரியா?"

"இத்தன வருஷமா என் முட்டைக்கோஸத் திட்டினியே!" என்றாள் சாகோர்கா.

மேசையில் ஏழு குவளைகள் இருந்தன. நான் தட்டை எடுத்துக்கொண்டு, பாதிரியாரிடமிருந்து தொடங்கி, ஒவ்வொரு குவளையாகத் திரும்ப எடுத்தேன். திருநாளன்று விருந்தாளியின் குவளையை நிரப்புவதுதான் வீட்டுத் தலைவனின் வேலை. எடுத்துக்கொண்டு போனவன் எங்கள் குலத்தில் இல்லை, நான் அறிந்து எந்தக் குலத்திலும் இல்லை. பொகோசாவ் தன் குவளையை ஒரு நொடி இறுக்கிப் பிடித்தான். பிறகு விட்டான். எல்லாவற்றையும் கழிவுநீர்த் தொட்டியில் கொட்டினேன்.

"விதோசவா, கூம் கொண்டுவந்த புட்டிய எடு."

வருடா வருடம் ஓப்ராத் ஒரு புட்டி கொண்டுவருவான். வருடா வருடம் அது மரியாதையோடு அலமாரிக்குள் போகும். அவன் அண்டாவில் காய்ச்சியதை லாசெண்டிச் மேசையில் ஊற்றுவதாவது! விதோசவா என் முகத்தைப் பார்த்தாள், ஒன்றும் கேட்காமல் புட்டியைக் கொண்டுவந்தாள். ஊற்றினேன். குடித்தார்கள்.

"நல்லாத்தான் இருக்கு" என்றான் பொகோசாவ். அவன் அதைச் சொல்லாமல் இருந்திருக்கலாம்.

பிறகு நெவென்காவிடம் கேட்டேன். "இந்தப் படத்துக்குக் கீழ எங்க பேரு இல்லயே. ஏன்?"

"போடக்கூடாது ஐயா. தப்பான அமைப்புக்குக் கீழ உரிமையாளர் பேரப் போட்டா அவமதிப்பு வழக்கு வரும்."

"ரெண்டாம் பதிப்புக்கு உரிமையாளரே எழுதிக் குடுத்தா?"

அவள் விழித்தாள். "அப்படி... இதுவரைக்கும் யாரும் கேட்டதில்ல."

"எங்க வீட்டு விஷயம் பேரில்லாம நாடு சுத்தறதுக்கு அது என்ன திருட்டுச் சாமானா? பேரில்லன்னா ஆளாளுக்கு ஒரு பேரச் சொல்லுவான். நாளைக்கு கீழ் லிபா வீடுன்னும் சொல்லுவான். எழுதுங்க. ‘மேல் லிபா, லாசெண்டிச் வீடு. 1983 முதல் இப்படி இருந்தது. இப்போது இல்லை.’"

"அண்ணே!" என்றான் மிலூதின்.

"நீ டையச் சரி பண்ணு" என்றேன்.

"ஐயா, ‘இப்போது இல்லை’ன்னு போடணும்னா உண்மையிலேயே இருக்கக்கூடாது" என்றாள் நெவென்கா. இதைச் சொல்லும்போது அவள் அழுகை நின்றிருந்தது. அரசாங்க வேலைக்குத் தகுதியானவள்தான்.

"எப்ப அச்சுக்குப் போகுது?"

"திங்கக்கெழம."

"ஞாயித்துக்கெழம இருக்காது."

அவள் எழுதி நீட்டினாள். இந்த முறை ஒவ்வொரு வரியையும் படித்தேன், அச்சிட்ட பொடி எழுத்தையும் சேர்த்து. கண்ணாடியைத் தேடிக் கொடுத்தது விதோசவா. நெவென்கா அதை அவமரியாதையாக எடுத்துக்கொள்ளவில்லை; மாறாக நிம்மதியாக மூச்சு விட்டாள். பாதிரியாரும் ஓப்ராதும் சாட்சியாகக் கையெழுத்திட்டார்கள்.

மறுநாள் காலை குழாயை அறுத்து எடுத்தோம். ஓப்ராத் மறுமுனையைப் பிடித்தான். புதுக் குழாயை, காரீயம் படாமல், நகரத்துச் செப்புக்காரன் வெள்ளிப் பற்று வைத்துப் பொருத்தினான். பீப்பாயையும் மாற்றினேன், பயந்து அல்ல, அது எப்படியும் வெடித்திருந்தது.

அதற்கு அடுத்த நாள் கோட்டுப் போட்டுக்கொண்டு அறுபது வீடுகளுக்கும் நடந்தேன். கையேடு கிடைத்த வீடு, கிடைக்காத வீடு என்று பார்க்கவில்லை. ஒவ்வொரு வாசலிலும் ஒரே பேச்சுத்தான். "எங்க பானையில காய்ச்சினதக் கொட்டிடுங்க. காரீயம் எறங்கியிருக்கு. தப்பு எங்களோடது. வயித்துப் பிடிப்பு இருக்கறவங்க ரத்தம் சோதிச்சுக்கோங்க." சிலர் என் கண்ணெதிரே கொட்டினார்கள். சிலர் கொட்டுவதாகச் சொல்லிப் புட்டியைக் கதவுக்குப் பின்னால் வைத்தார்கள். என் அப்பா காலத்து மரியாதை அவ்வளவு சீக்கிரம் விடாது போலும். ஒருவர் மட்டும், அவர் பெயர் வேண்டாம், "புஸ்தகத்துல வந்த பெரிய மனுஷன் வந்திருக்கார், நாற்காலி போடு" என்று உள்ளே குரல் கொடுத்தார். நான் நின்றபடியே சொல்லிவிட்டு வந்தேன்.

இரண்டாம் பதிப்பு வந்தது. பெயர் இருந்தது. நாட்டின் எல்லா ஊராட்சிகளுக்கும் போயிருக்கிறது. இதுவரை எங்கள் குலத்தில் யாருக்கும் கிடைக்காத புகழ்.

அடுத்த அக்டோபரின் முதல் வாரம் கொட்டகையில் நானும் மிலூதினும் மட்டும் இருந்தோம். அடுப்பு எரியவில்லை. மிலூதின் பேச வாயெடுத்தான், நான் பார்த்ததும் மூடிக்கொண்டான். ஐந்தாம் நாள் பாதிரியாரின் வண்டி வந்தது, மூன்று பீப்பாய் ஊறலோடு. அன்று மாலையே பொகோசாவ் வந்தான். இறக்குவதற்கு முன் கையேட்டை விரித்துக் குழாயின் மூட்டை விரலால் தடவிப் பார்த்தான். என் அப்பா இருந்திருந்தால் அவன் விரல் இருந்திருக்காது. நான் விளக்கைப் பக்கத்தில் பிடித்தேன். அதன்பின் மற்றவர்கள் வந்தார்கள். எல்லோரும் இல்லை, ஆனால் அடுப்பை அணைக்க நேரமில்லாத அளவுக்கு. வந்தவர் ஒவ்வொருவரும் மூட்டைத் தடவிப் பார்த்துவிட்டுத்தான் ஊற்றினார்கள். இப்போது அது வழக்கமாகவே ஆகிவிட்டது.

இதற்கிடையில் ஒரு பேச்சு கிளம்பியிருக்கிறது. அமைச்சகம் செய்த காரியத்துக்கு வெட்கப்பட்டு, புதுக் குழாயை இலவசமாக எங்களுக்கு அனுப்பிவைத்தது என்று கீழ் லிபாவரை சொல்லித் திரிகிறார்கள். அமைச்சகம் எதையும் அனுப்பவில்லை. குழாய் நான் வாங்கியது.